சேர்வராயன் மலையில் காடு எதுவரை? அளந்து ஊரறியச் சொல்லுங்கள்

மதிப்புக்குரிய சேலம் மாவட்ட ஆட்சியர் அவர்களுக்கும், மாவட்ட வன அலுவலர் அவர்களுக்கும் வணக்கம்.

சேர்வராயன் மலையில் காட்டு நிலம் ஆக்கிரமிக்கப்படுவதைத் தடுக்கக் கோரி சென்னை உயர்நீதிமன்றத்தில் பொதுநல வழக்குத் தொடர்வது என்று நாங்கள் சிலர் பேசி முடிவெடுத்திருக்கிறோம். அடிவாரத்து விவசாயிகள், ஏற்காட்டில் சிறிய காப்பித் தோட்டம் வைத்திருப்பவர்கள், மலைக்கிராமத்து இளைஞர்கள், ஒரு வழக்கறிஞர் என்று கலந்த கூட்டம் இது. வழக்குக்கு முன்னால் உரிய அதிகாரிகளிடம் மனுக் கொடுத்திருக்க வேண்டும் என்பது நடைமுறை. அந்த மனு சர்வே எண்கள், புலப்பட நகல்கள், படங்களோடு பதிவுத் தபாலில் தனியாக உங்களுக்கு வரும். மனுவின் மொழியில் சொல்ல முடியாத சிலவற்றைச் சொல்லத்தான் இந்த மடல். மலையை நம்பி வாழ்கிற எல்லாரும் படிக்கட்டும் என்பதற்காக இதைத் திறந்தே எழுதுகிறேன்.

நாங்கள் கேட்பது ஒன்றுதான். வருவாய்த் துறையும் வனத் துறையும் ஒரே நாளில், ஒரே இடத்தில், ஒன்றாக நின்று மலையை அளந்து, காடு எதுவரை, பட்டா எதுவரை என்பதை ஊரறிய வெளியிடுங்கள். அதைச் செய்துவிட்டால் எங்கள் வழக்குக்கே வேலை இருக்காது.

நான் ஓமலூர்ப் பக்கத்துக்காரன். எங்கள் கிணறுகளின் ஊற்று சரபங்கா நதியை நம்பியது. அந்த நதி பிறப்பது இந்த மலையில். திருமணிமுத்தாறும் இங்கே தோன்றித்தான் சேலத்துக்குள் வருகிறது. சோலை மரங்களின் அடியில் முழங்கால் புதையச் சருகு கிடக்கும் இடத்தில் மழை விழுந்தால், மழை விட்டுப் பல நாள் கழித்தும் ஓடையில் நீர் வடிந்துகொண்டே இருக்கும். அதே மழை மொட்டைச் சரிவில் விழுந்தால் ஒரே ராத்திரியில் செம்மண் குழம்பாக இறங்கி ஓடிவிடும். மறுநாள் எங்கள் ஏரிக்கு மிஞ்சுவது வண்டல்தான். மேலே ஒரு சரிவு வெட்டவெளியாவது இங்கே கீழே பம்புசெட் ஓடும் நேரத்தில் தெரிந்துவிடும். எங்கள் பகுதிக்காரர்களுக்கு இதை யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

காட்டை யாரும் ஒரே நாளில் வெட்டிச் சாய்ப்பதில்லை. அப்படி வெட்டினால் வனக் காப்பாளர் வந்துவிடுவார். முதலில் அடிக்காட்டை மட்டும் சுத்தம் செய்வார்கள். சாலையிலிருந்து பார்த்தால் மரம் நின்றபடியே இருக்கும். அடுத்த மழைக்கு உள்ளே காப்பி நாற்று வைப்பார்கள், மிளகுக் கொடி ஏற்றுவார்கள், நிழலுக்கு என்று சில்வர் ஓக் கன்று நடுவார்கள். பழைய காட்டு மரங்களில் சிலவற்றின் பட்டையை அடியில் வளையமாகச் சீவி விடுவார்கள். மரம் நின்ற இடத்திலேயே மெல்லக் காயும். காய்ந்த பிறகு ‘பட்ட மரம்’ என்று சொல்லி எடுத்துவிடலாம். அப்புறம் ஒரு தகரக் கொட்டகை. கொட்டகைக்கு வீட்டு வரி ரசீது, பிறகு மின் இணைப்பு. இதற்கிடையில் 1905-ஆம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின்படி பி-மெமோ என்ற ஆக்கிரமிப்பு அறிவிப்பைக் கொடுத்து அபராதமும் வசூலித்திருப்பார்கள். அரசு நிலத்தில் அத்துமீறியதற்கு விதிக்கப்பட்ட தண்டம் அது. ஆனால் பத்துப் பதினைந்து வருட பி-மெமோ ரசீதுகளை வரிசையாகக் கோப்பில் அடுக்கி, ‘நீண்டகால அனுபவம்’ என்று அதையே சான்றாகக் காட்டிப் பட்டா கேட்கிறார்கள். தண்டம் கட்டிய ரசீது உரிமைப் பத்திரமாக வேடம் போடுகிற இடம் இதுதான். இதை அடைக்காமல் வேறு எதை அடைத்தாலும் பயன் இல்லை.

தோட்டமாக இருக்கும்வரை நிழலுக்காவது கொஞ்சம் மரம் நிற்கும். கைமாறி ரிசார்ட் என்றும் வில்லா மனை என்றும் ஆகும்போதுதான் ஜேசிபி ஏறுகிறது. சரிவைக் குடைந்து சமதளமாக்குகிறார்கள். வெட்டிய மண்ணை ஓடைக்குள் தள்ளுகிறார்கள். போகிற வழி தெரியாமல் காட்டுமாடுகள் தோட்டத்துக்குள்ளும் தார்ச்சாலையிலும் வந்து நிற்கின்றன. அவற்றிடம் சிக்கி அடிபடுவது பெரும்பாலும் விடிகாலையில் கூலிக்குப் போகிற பெண்கள்.

மலைக்கிராமத்துப் பெரியவர் ஒருவர் எங்களை ஒரு சரிவுக்குக் கூட்டிப்போனார். இடம் எது என்பது மனுவில் இருக்கிறது, இங்கே வேண்டாம். வனத் துறையின் எண் போட்ட எல்லைக்கல் ஓடைப் பள்ளத்தில் குப்புறக் கிடந்தது. புரட்டிப் பார்த்தோம். எண்ணின் ஒரு பாதியில் சுண்ணாம்பு இன்னும் ஒட்டியிருந்தது, மறுபாதியில் பாசி. அது நின்றிருந்த குழி மேலே தனியாகத் தெரிந்தது. குழியைச் சுற்றிப் பெரணி முளைத்திருந்தது. அந்தக் குழியிலிருந்து காட்டுக்குள் முப்பது நாற்பது காலடி தள்ளிப் புதிய கருங்கல் கம்பங்கள், ஐந்து வரிசை முள்கம்பி. கம்பிக்கு அந்தப் பக்கம் இடுப்புயரக் காப்பிச் செடிகள்.

“இந்தக் கல்லத் தாண்டி விறகு பொறுக்குனதுக்கு எங்க வீட்டுல கையில இருந்த அருவாளப் புடுங்கிக்கிட்டாங்க சாமி. கல்லையே புடுங்கிப் போட்டவங்கள யாரும் ஒண்ணும் கேக்கல” என்றார் பெரியவர்.

அவர் கேட்டதற்கு எங்களிடம் பதில் இல்லை. அதை அப்படியே உங்கள் முன் வைக்கிறேன்.

ஏன் யாரும் கேட்கவில்லை என்று விசாரிக்கப் போனால் இரண்டு அலுவலகங்களுக்கு நடுவே மாட்டிக்கொள்கிறோம். ஒரு மேசையில், “அது காடு, வனத் துறையைக் கேளுங்கள்” என்கிறார்கள். இன்னொரு மேசையில், “எங்கள் வரைபடத்தில் அந்தத் துண்டு இல்லை, வருவாய்த் துறை நிலமாக இருக்கும்” என்கிறார்கள். சொல்கிறவர்கள் பொய் சொல்லவில்லை. அவரவர் பதிவேட்டில் அப்படித்தான் இருக்கிறது. காப்புக்காடு என்பது 1882-ஆம் வருட வனச் சட்டத்தின் 4-ஆம் பிரிவு அறிவிக்கையில் தொடங்கி, உரிமை கோருகிறவர்களை விசாரித்து, 16-ஆம் பிரிவு அறிவிக்கையில் முடிய வேண்டியது. தமிழ்நாட்டில் பல இடங்களில் முதல் அறிவிக்கை வந்து பல பத்தாண்டுகள் ஆகியும் கடைசி அறிவிக்கை வராமலே நிலம் அந்தரத்தில் நிற்கிறது. அதன் மேல் 1980-களில் யுடிஆர் நில உடைமைப் பதிவு மேம்பாடு நடந்தது. அதில் விழுந்த பிழைகளைப் பற்றிச் சேலம் ஜமாபந்தியில் உட்கார்ந்த எந்த அலுவலருக்கும் நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கிராம நிலக் கணக்கான அ-பதிவேட்டில் ‘தரிசு’ என்று ஒரு சொல் ஏறிவிட்டால் போதும், மேலே நிற்கிற மரம் யார் கண்ணுக்கும் தெரியாமல் போய்விடுகிறது.

ஆனால் இந்த இடைவெளியைச் சட்டம் எப்போதோ மூடிவிட்டது. நிலம்பூரைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு கூடலூர்க் காடுகள் அழிவதைக் கண்டு பொறுக்காமல் 1995-இல் உச்சநீதிமன்றத்துக்குப் போனார். அந்த வழக்கில் 1996 டிசம்பர் 12 அன்று வந்த உத்தரவு நாடு முழுமைக்குமானது. காடு என்பதற்கு அகராதியில் என்ன பொருளோ அதுதான் பொருள். அரசுப் பதிவேட்டில் காடு என்று இருந்தாலும் அது காடு. உடைமை யாருடையது என்பது கேள்வியே இல்லை என்றது நீதிமன்றம். 1980-ஆம் வருட வனப் பாதுகாப்புச் சட்டப்படி அப்படிப்பட்ட நிலத்தை வேறு எதற்குப் பயன்படுத்துவதாக இருந்தாலும் மத்திய அரசின் முன் அனுமதி வேண்டும். 2023-இல் அந்தச் சட்டத்தைத் திருத்தியபோது இந்தப் பொருள் சுருங்கிவிடுமோ என்ற அச்சம் எழுந்தது. வழக்கு முடியும்வரை 1996-இல் சொன்ன பொருளையே மாநிலங்கள் பின்பற்ற வேண்டும் என்று 2024 பிப்ரவரி 19 அன்று உச்சநீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது.

இவை எல்லாவற்றையும்விட உங்கள் இருவருக்கும் நேரடியாகப் பொருந்துவது 2025 மே 15 அன்று உச்சநீதிமன்றத்திலிருந்து வந்த தீர்ப்பு. புனேயில் காப்புக்காட்டு நிலம் தனியார் கைக்குப் போன வழக்கு அது. காப்புக்காடாக அறிவிக்கப்பட்டும் வருவாய்த் துறை வசமே இருக்கும் நிலம் எங்கெல்லாம் தனியாருக்குக் கொடுக்கப்பட்டிருக்கிறது என்று ஆராய எல்லா மாநிலங்களும் சிறப்புப் புலனாய்வுக் குழு அமைக்க வேண்டும், நிலத்தைத் திரும்ப எடுத்து வனத் துறையிடம் ஒப்படைக்க வேண்டும், இதை ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்று அந்தத் தீர்ப்பு சொல்கிறது. ஆக, நாங்கள் கேட்கும் கூட்டு அளவை புதுச் சலுகை அல்ல. நாட்டின் உச்சநீதிமன்றம் ஏற்கெனவே உங்கள் மேசைக்கு அனுப்பியிருக்கும் வேலையின் முதல் படி.

‘பட்டா நிலம்தானே, அதில் அவர்கள் என்ன செய்தால் என்ன’ என்று சிலர் எங்களிடமே கேட்கிறார்கள். 1949-இல் வந்த தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டமும் 1955-இல் வந்த மலைப்பகுதி மரங்கள் பாதுகாப்புச் சட்டமும் பட்டாதாரருக்கும் சேர்த்துத்தான் எழுதப்பட்டன. மலையிடப் பாதுகாப்புக் குழுமத்தின் கட்டுப்பாடும் ஏற்காட்டுக்கு உண்டு.

இனி வழக்கைப் பற்றி. பொதுநல வழக்கு என்றால் நீதிபதி வந்து காட்டைக் காப்பாற்றிவிடுவார் என்று பலர் நம்புகிறார்கள். எனக்கும் நீதிமன்றத்தின்மேல் மரியாதை உண்டு. கோதவர்மன் வழக்கு இல்லையென்றால் இன்று நீலகிரியில் பாதி இருந்திருக்குமா என்பது சந்தேகம். ஆனால் மாவட்ட அளவில் பெரும்பாலான வழக்குகள் எப்படி முடிகின்றன என்று உங்களுக்கே தெரியும். வழக்கு எண் ஏறிப் பட்டியலில் வரவே மாதங்கள் ஆகும். பதில் மனுவுக்கு அவகாசம், மேலும் அவகாசம். கடைசியில், ‘மனுதாரரின் கோரிக்கையைச் சட்டப்படியும் தகுதியின் அடிப்படையிலும் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்’ என்று வழக்கை முடித்துவைப்பார்கள். பரிசீலிக்க வேண்டியவர் யார்? முதலில் மனு வாங்கிய அதே அலுவலர். அவர் கீழே அனுப்புவார். கீழே இருப்பவர் ‘அளவை செய்ய வேண்டும்’ என்று குறிப்பு எழுதுவார். சர்வேயர் இல்லை என்று கோப்பு காத்திருக்கும். 12 வாரம் தாண்டினால் நாங்கள் அவமதிப்பு வழக்குப் போட வேண்டும். இந்தச் சுற்றுக்குள் காப்பி நாற்று இடுப்புயரம் வந்துவிடும், தகரக் கொட்டகை காங்கிரீட் ஆகிவிடும். நீதிமன்றம் அலுவலருக்குச் சொல்லப்போவது, ‘உங்கள் வேலையைச் செய்யுங்கள்’ என்பதைத்தான். அதை ஒரு குடிமகன் தபாலில் கேட்கும்போதே செய்தால் என்ன?

அளந்து வெளியிட்ட எல்லை இருந்தால் வழக்கின் தன்மையே மாறிவிடும். இன்று நாங்கள் போட்டோவும் கூகுள் படமும் வைத்துக்கொண்டு ‘இது காடு’ என்று வாதாட வேண்டியிருக்கிறது. எதிர்த்தரப்பு பி-மெமோவும் வரி ரசீதும் நீட்டுகிறது. எது காடு என்று அரசே கையெழுத்துப் போட்டு ஒட்டிவிட்டால் அதற்கப்புறம் ஆக்கிரமித்தவர்தான் விளக்கம் சொல்ல வேண்டும். வாங்க வருகிறவரும் ஏமாற மாட்டார். சேலத்திலும் பெங்களூருவிலும் உழைத்துச் சேர்த்த காசை ‘மலை வியூ மனை’ என்ற விளம்பரத்தை நம்பிப் போட்டுவிட்டு நிற்கிற குடும்பங்களை எனக்குத் தெரியும். காடு என்று உறுதியான சர்வே எண்களைச் சார்பதிவாளருக்கு அனுப்பினால், பதிவுச் சட்டத்தின் 22-ஏ பிரிவில் அந்த விற்பனையைப் பதிவு மேசையிலேயே நிறுத்த முடியும். ஒரு கடிதத்தில் முடிகிற வேலை.

அடுத்து நான் சொல்லப்போவது எங்கள் குழுவுக்குள்ளேயே காரசாரமாகப் பேசி வந்து சேர்ந்த இடம்.

ஆக்கிரமிப்பு அகற்றம் என்று உத்தரவு வந்தால் முதல் ஜேசிபி யார் வாசலுக்குப் போகும்? வழக்கறிஞர் வைத்துத் தடை வாங்கத் தெரியாதவர் வாசலுக்கு. இந்த மலையில் அவர் பெரும்பாலும் ஒரு மலையாளிப் பழங்குடியாக (கேரளத்து மலையாளி அல்ல, இந்த மலைகளின் பழங்குடி) இருப்பார். சாமையும் தினையும் போட்ட கொல்லை, நான்கு பலா, பத்துக் காப்பிச் செடி, தாத்தா காலத்துக் குலசாமிக் கல். அவரையும், கல்லைப் பிடுங்கிக் கம்பி வேலி போட்டவரையும் ‘ஆக்கிரமிப்பாளர்கள்’ என்று ஒரே பட்டியலில் எழுதுவது அநியாயம். சட்டமும் அதை அனுமதிக்கவில்லை. 2006-ஆம் வருட வன உரிமைச் சட்டப்படி 2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்து காட்டு நிலத்தில் வாழ்ந்து பயிரிடும் பழங்குடிக் குடும்பத்துக்கு 4 ஹெக்டேர் வரை உரிமை உண்டு. உரிமைக் கோரிக்கையைத் தொடங்கி வைக்க வேண்டியது கிராமசபை. விசாரித்து முடிக்கும்வரை யாரையும் வெளியேற்றக் கூடாது. அந்த உரிமை பிள்ளைகளுக்குப் போகும், விற்க முடியாது. ஆகவே ‘பழங்குடியிடமிருந்து வாங்கினேன்’ என்று காகிதம் காட்டுகிற வெளியூர்க்காரருக்கு இந்தச் சட்டத்தில் இடம் இல்லை.

இதை நான் அழுத்திச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. இந்த மலைக்கு வடகிழக்கே, அரூர்ப் பக்கம், சித்தேரி மலையடிவாரத்தில் வாச்சாத்தி இருக்கிறது. அங்கே இருப்பவர்களும் மலையாளிப் பழங்குடியினர்தான். 1992 ஜூன் 20 அன்று சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று வனத் துறை, காவல் துறை, வருவாய்த் துறை மூன்றும் சேர்ந்து அந்த ஊருக்குள் போயின. அங்கே பெண்களை வன்கொடுமை செய்ததும், ஊரைச் சூறையாடியதும் நாடறியும். 2011-இல் அந்தத் துறைகளைச் சேர்ந்த 215 பேர் குற்றவாளிகள் என்று தீர்ப்பு வந்தது. 2023 செப்டம்பர் 29 அன்று உயர்நீதிமன்றம் அதை உறுதி செய்தது. காட்டைக் காப்பதாகச் சொல்லி அரசு உள்ளே நுழைந்தபோது நடந்த கொடுமை அது. எங்கள் வழக்கின் பெயரால் ஒரு மலைக்கிராமத்துக் குடிசையில் ஒரு ஓடு உடைந்தாலும் அது எங்களுக்குத் தலைகுனிவு. அதனால்தான் எங்கள் மனுவில், வன உரிமைக் கோரிக்கைகளை முதலில் பரிசீலித்து முடிக்க வேண்டும் என்பதைத் தனிக் கோரிக்கையாகச் சேர்த்திருக்கிறோம். இதை ஏற்காத இரண்டு பேர் குழுவிலிருந்து விலகினார்கள். விலகட்டும் என்று விட்டுவிட்டோம்.

காட்டை நன்றாக அறிந்தவர்களும் மலைக்கிராமத்துக்காரர்கள்தான். எந்த ஓடை எந்த மாதம் வற்றும், எந்த மரத்தில் தேன் கட்டும், பழைய எல்லைக்கல் எங்கே நின்றது என்பதெல்லாம் சேர்வராயன் கோயில் திருவிழாவுக்கு நடந்தே போகிற ஒரு பாட்டியிடம் கேட்டால் தெரிந்துவிடும். மாசி பங்குனியில் மலைப்பாதை ஓரம் தீப்பிடித்தால் பச்சைத் தழையை ஒடித்துக்கொண்டு உங்கள் ஊழியர்களோடு முதலில் ஓடுகிறவர்களும் அவர்கள்தான். கூட்டு அளவைக்கு அவர்களை அழையுங்கள். வேடிக்கை பார்க்கக் கூப்பிட வேண்டாம். சாட்சியாகக் கூப்பிட்டு, அளந்த இடத்திலேயே எழுதும் பதிவான மகஜரில் அவர்கள் கையெழுத்தும் வாங்குங்கள்.

அளவையை எங்கே தொடங்குவது என்று கேட்டால், சேர்வராயன் வடக்கு, தெற்கு இரண்டு வனச்சரகங்களிலும் தார்ச்சாலையை ஒட்டிய காட்டு எல்லையிலிருந்து தொடங்கச் சொல்வேன். நிலத்துக்கு விலை ஏறுவதும் கல் இடம் மாறுவதும் அங்கேதான். முதலில் பெரிய பரப்புகளை எடுத்துக்கொள்ளுங்கள். அளந்த வரைபடத்தைத் தமிழில், சர்வே எண்ணோடு, ஊராட்சி அலுவலகச் சுவரில் ஒட்டுங்கள். மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 கிராமசபைகளில் எது முதலில் வருகிறதோ அதில் வைத்து ஆட்சேபணை கேளுங்கள். காணாமல் போன எல்லைக்கற்களை நட்டு, ஒவ்வொன்றின் ஜிபிஎஸ் புள்ளியையும் வெளியிடுங்கள். காட்டு நிலத்துக்குப் புதிதாகப் பி-மெமோ போடுவதோடு நின்றுவிடாமல், அதே 1905 சட்டம் தருகிற வெளியேற்றும் அதிகாரத்தைப் பெரிய ஆக்கிரமிப்புகளில் பயன்படுத்துங்கள். அறிவிப்பு கொடுத்து, விளக்கம் கேட்டு, முறைப்படி செய்யுங்கள்.

சர்வேயர் பற்றாக்குறை உண்மையான சிக்கல் என்பது எங்களுக்குப் புரியாமல் இல்லை. மலையில் பகலில் பாதி நேரம் மூடுபனி. ஒரு நாளில் சில கற்களைத்தான் அளக்க முடியும். வனக் காப்பாளர்கள் தனி ஆளாக எவ்வளவு பெரிய பரப்பைச் சுற்றி வருகிறார்கள் என்பதையும் பார்த்திருக்கிறோம். ஆக்கிரமிப்பாளரைத் தட்டிக்கேட்ட கீழ்நிலை ஊழியருக்கு மேலிருந்து ஆதரவு வராமல் போன கதைகளும் காதில் விழுந்திருக்கின்றன. நேர்மையாக எல்லையைக் காட்டுகிற ஊழியர் பக்கம் நீங்கள் இருவரும் நின்றால், ஊரும் நிற்கும். வழி காட்ட, புதர் வெட்ட, கல் தூக்க, நாடா பிடிக்க எங்கள் ஆட்கள் சொந்தச் சோற்றில் வருவார்கள்.

மனு கையில் கிடைத்த நாளிலிருந்து 60 நாள் காத்திருப்போம். அதற்குள் கூட்டு அளவைக்கு நாள் குறித்த கடிதம் வந்தால் வழக்கைத் தள்ளிவைக்கிறோம். வராவிட்டால் தாக்கல் செய்வோம். அப்போது இந்த மடலும் இணைப்புகளில் ஒன்றாக இருக்கும்.

நாள் குறிக்கும்போது ஒரு வேண்டுகோள். கார்த்திகையிலிருந்து தை வரை காப்பிப் பழம் பறிக்கிற காலம். மலைக்கிராமத்துக் குடும்பங்களுக்கு வருடத்திலேயே கூலி கையில் புரளுகிற மாதங்கள் அவை. அந்த மாதங்களில் அளவை வைத்தால் ஒருநாள் கூலியை விட்டுவிட்டு யாராலும் வர முடியாது. ஞாயிற்றுக்கிழமையாகப் பாருங்கள், இல்லையென்றால் பறிப்பு முடிந்த பிறகு வையுங்கள். ஒரு வாரம் முன்னதாகவே ஊர் ஊராகத் தண்டோராப் போடச் சொல்லுங்கள்.

நன்றியுடன்,
சரபங்கா நதிக்கரை விவசாயி ஒருவர்,
ஓமலூர் வட்டம், சேலம் மாவட்டம்.